மாமன் தட்டு

சூசைராஜ் வாத்தியார் வீட்டு வாசலில் கேமரா வந்து இறங்கிய அன்று எங்கள் தெருவில் பாதிப் பேர் முகம் கழுவிப் பவுடர் போட்டுக்கொண்டார்கள். மீதிப் பேர் கழுவாமலேயே வந்து நின்றார்கள். எனக்கு அந்த அவசரம் இல்லை. எதிர்வீடு. என் ஜன்னலில் நின்றால் அவர்கள் நடுவீடு வரைக்கும் தெரியும். தெரிகிறதே என்று பார்ப்பதுதான், மற்றபடி அடுத்த வீட்டு விஷயத்தில் நமக்கு என்ன இருக்கிறது.

வந்தவன் வாத்தியாரின் தம்பி மகன். ஞானஸ்நானத்தில் வைத்த பேர் ஜெரால்டு. சென்னையில் பிறந்து வளர்ந்தவன். முழுப்பரீட்சை லீவுக்கு மட்டும் இங்கே வருவான், கிணற்றில் குதிக்கப் பயப்படுவான், வயிற்றுப்போக்கோடு திரும்பிப் போவான். இப்போது அவன் பேர் நிலவழகன். அவனே வைத்துக்கொண்டது. வெள்ளைக்காரன் பேரைச் சுமந்துகொண்டு நம் மண்ணைப் பற்றிப் பேச முடியாதாம். ஆளைப் பார்த்தால் நிலவும் தெரியவில்லை, அழகும் தெரியவில்லை என்றாள் மூன்றாம் வீட்டு அழகி. பேர்ப் பொருத்தத்தைப் பற்றி அவள் வாயைத் திறந்திருக்க வேண்டாம்.

கழுத்தில் ஒரு துண்டு. வேகாத வெயிலில், சளி பிடித்தவன் மாதிரி அதைச் சுற்றிச் சுற்றிப் போட்டிருந்தான். கூடவே அரவிந்த்குமார் என்று ஒரு கேமராக்காரன். அவன் பரவாயில்லை, கொடுத்ததைச் சாப்பிட்டான், கேட்டதற்குப் பதில் சொன்னான்.

"என்ன படம்ப்பா?" என்று அழகி ஆரம்பித்தாள்.

"படம் இல்லைங்க, ஆவணப்படம்," என்றான் ஜெரால்டு.

"பாட்டு இருக்குமா?"

"இருக்காது."

"சண்டை?"

"இருக்காதுங்க. நாம யாருங்கிறதத் தேடுறோம்."

"காணாமப் போனாத்தானப்பா தேடணும்," என்று சொல்லிவிட்டு அவள் பால் வாங்கப் போய்விட்டாள்.

அவன் விடவில்லை. தெருத் தெருவாகப் போய் எல்லாரிடமும் ஒரே கேள்வியைக் கேட்டான்: உங்க அடையாளம் என்னன்னு நெனைக்கிறீங்க? முக்குவீட்டு அய்யாக்கண்ணு கொஞ்ச நேரம் யோசித்தார். உள்ளே போனார். ஆதார், ஓட்டர் கார்டு, நூறு நாள் வேலை அட்டை மூன்றையும் கொண்டுவந்து நீட்டி, "ஜெராக்ஸ் போதுமா, ஒரிஜினலே வேணுமா?" என்றார். ஜெரால்டு கண்ணை மூடித் தலையை ஆட்டி "அருமை, அருமை" என்றான். எதிலும் ஓர் அர்த்தம் கண்டுபிடித்துவிடுகிற ஆள். அய்யாக்கண்ணுவுக்கு மட்டும் தன்னைக் கேலி செய்கிறானோ என்று ரெண்டு நாள் சந்தேகம்.

உண்மையில் அவன் எங்களைத் தேடி வரவில்லை. பெரியம்மாவைத் தேடி வந்திருந்தான். வாத்தியார் சம்சாரம் அடைக்கலமேரி. அவள் கதையைச் சொன்னால்தான் மற்றது புரியும். எங்கள் தெருவில் எல்லாருக்கும் தெரிந்த கதைதான், நான் ஒன்றும் புதிதாகக் கிளப்பவில்லை.

அவள் பிறந்தது ஆவுடையார்கோவில் பக்கம். பிறந்தபோது பேர் முத்துமாரி. அங்கே ஒரு பள்ளிக்கூடத்தில் வாத்தியாருக்கு முதல் வேலை, அவளுக்கு அதே பள்ளியில் சத்துணவு வேலை. சோறு நன்றாக இருக்கிறது என்று வாத்தியார் சொல்லியிருக்கிறார். சத்துணவை நன்றாக இருக்கிறது என்று ஒருத்தர் சொன்னால் அதில் வேறு காரணம் இருக்கும் என்று அவள் வீட்டார் அப்போதே யோசித்திருக்க வேண்டும். யோசிக்கவில்லை. அவள் ஞானஸ்நானம் வாங்கி வேதத்துக்கு வந்து, அடைக்கலமேரியாகி, இந்தத் தெருவுக்குக் குடிவந்தாள். மாரி மேரியாவதற்கு எழுத்தில் ஒரு கொம்புதான் வித்தியாசம். அந்தக் கொம்பு அவளுடைய அண்ணன் வெள்ளைச்சாமிக்குத் தொண்டையில் குத்திக்கொண்டது. அதற்கப்புறம் அவர் இந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்கவில்லை.

மகள் பிளெஸ்ஸி பிறந்தபோது காது குத்துக்கு மாமன் மடி இல்லை. கோவிலில் அவள் முதன்முதலாகப் புதுநன்மை வாங்கியதற்கு வரவில்லை. பெரியவள் ஆனதற்கும் வரவில்லை. வாத்தியார் செத்தபோது சொல்லிவிட்டோம், அதற்கும் வரவில்லை. தாலி அறுத்தவளுக்குப் பிறந்த வீட்டுக் கோடிச்சேலை வர வேண்டும் இல்லையா, அது வரவில்லை. அடக்கம் முடிந்து எல்லாரும் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்துக்கொண்டிருந்தபோது, அய்யாக்கண்ணு சம்சாரம் வீட்டுக்கு ஓடிப்போய் ஒரு புதுச்சேலையை எடுத்துவந்து அவள் மேல் போட்டாள். அடைக்கலமேரி அன்றைக்கு வாத்தியாருக்காக அழுததைவிட அந்தச் சேலையைப் பிடித்துக்கொண்டுதான் அதிகம் அழுதாள்.

இதை ஜெரால்டு எங்கேயோ கேட்டிருக்கிறான். மதம் கிழித்த குடும்பம் என்று எழுதிக் கொடுத்திருக்கிறான். வெளிநாட்டில் ஏதோ ஓர் அமைப்பு, சரி எடு என்று சொல்லிவிட்டது. சொந்த வீட்டுக் கதை, வெளியிலிருந்து யாரும் வந்து எடுக்கவில்லை, உள்ளே பிறந்தவனே எடுக்கிறான் என்பதுதான் அவர்களுக்குப் பிடித்ததாம். டீ கொடுத்தபோது அரவிந்த்குமார் சொன்னது. நான் கேட்கவில்லை, அவனாகச் சொன்னான். இரண்டாவது டீயின்போது.

அப்புறம் ஒரு வாரம் அந்த வீட்டில் நடந்த கூத்து கொஞ்சமில்லை. பிளாஸ்டிக் நாற்காலிகளை எடுத்துக் கொல்லையில் போட்டான். பிரிட்ஜ் மேல் போர்வையைப் போர்த்தினான். பிளெஸ்ஸி சுடிதார் போட்டால் முகம் சுளித்தான், தாவணி கட்டக் கூடாதா என்றான். அவள் திருச்சியில் ஸ்கூல் டீச்சர். காலையில் கீரனூர் போய்ப் பஸ் பிடித்து, நின்றுகொண்டே போய், நின்றுகொண்டே பாடம் நடத்தி, நின்றுகொண்டே திரும்புகிறவள். "அண்ணே, தாவணிய நீங்க கட்டிக்கிட்டு அந்த பஸ்ல ஏறிக் காட்டுங்க, நான் கட்டுறேன்," என்றாள்.

கீரனூரில் ஒரு மாரியம்மன் படம் வாங்கிவந்து, திருஇருதய ஆண்டவர் படத்துக்குப் பக்கத்தில் மாட்டினான். இரண்டும் ஒரே சட்டகத்தில் வர வேண்டுமாம். அடைக்கலமேரி அதைக் கழற்றிக் கும்பிட்டுவிட்டு என்னிடம் கொண்டுவந்து கொடுத்தாள். "நீயே வச்சுக்க. இவன் படத்துக்காக ரெண்டு பேரையும் நான் பகைச்சுக்க முடியாது." எங்கள் வீட்டுச் சாமி அலமாரியில்தான் இருக்கிறது. நல்ல லேமினேஷன்.

பேட்டி எடுக்கும்போது அவளைக் கோடிச்சேலைக் கதையைச் சொல்லச் சொன்னான். சொன்னாள், அழுதாள். "பெரியம்மா, சூப்பர். பின்னாடி ஒரு பைக் போயிருச்சு. அந்தச் சேலையப் போத்துனாங்கள்ல, அங்கேருந்து இன்னொரு தடவை அழுங்க," என்றான்.

"அழுகை என்னடா குழாயா, தொறந்தா வர்றதுக்கு?"

"கொஞ்சம் யோசிச்சுப் பாத்தீங்கன்னா வரும் பெரியம்மா."

"இப்ப ஒன்னைய நெனச்சாத்தான் வருது," என்றாள்.

இந்தச் சமயத்தில்தான் பிளெஸ்ஸி ஒரு காரியம் செய்தாள். அவளுக்கு ஆவூரில் மாப்பிள்ளை பேசி முடித்திருந்தது. மாதா கோவிலில் மூன்று ஞாயிறு வாசிக்கிற கல்யாண அறிவிப்பில் ரெண்டு ஓலை வாசித்தாகிவிட்டது. மாப்பிள்ளை வீட்டார் நல்ல மாதிரி, ஆனாலும் "பொண்ணுக்கு மாமன் யாரு, மால போட யாரு வருவா?" என்று கேட்டுவிட்டுப் போயிருந்தார்கள். அடைக்கலமேரி அன்றிலிருந்து சோறு சரியாகத் தின்னவில்லை. அப்பனும் இல்லை, கூடப்பிறந்தவனும் இல்லை, மாமனும் இல்லாமல் கோவில் வாசலில் மகள் அநாதை மாதிரி நிற்பாளே என்று என்னிடம் தலையைப் பிடித்துக்கொண்டாள். மகளுக்காக என்று சொன்னாள். அண்ணன் முகத்தைப் பார்க்க வேண்டும் என்று அவளுக்கு இருந்தது. அதை அவள் சொல்லவில்லை, எனக்கென்ன கண் இல்லையா.

பிளெஸ்ஸி யாரிடமும் கேட்காமல் மாமனுக்குப் போன் போட்டாள்.

"மாமா, நான் பிளெஸ்ஸி பேசுறேன். வர்ற ஞாயித்துக்கிழமை மூணாம் ஓலை. நீங்க வரலைன்னா ஒங்க எடத்துல வேற ஒருத்தர நிப்பாட்டச் சொல்றாங்க. யார நிப்பாட்டட்டும், நீங்களே சொல்லுங்க."

போனை வைத்துவிட்டார். மறுநாள் அவருடைய சம்சாரம் சொர்ணம் கூப்பிட்டாள். "ஏம்மா, ஒனக்கு என்ன கலர் சேலை புடிக்கும்னு மாமா கேக்கச் சொல்றாரு. தட்டுல குங்குமம் வைக்கலாமா கூடாதான்னும் கேக்கச் சொன்னாரு."

"வைங்க அத்தை. வேணுங்கிறவங்க தொடட்டும்."

அடைக்கலமேரி அன்று தெருவுக்கே பாயசம் கொடுத்தாள். கொஞ்சம் இனிப்புத் தூக்கல். ஜெரால்டு மட்டும் பாயசத்தைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். கிழிந்த குடும்பம் இப்படித் தானாகத் தைத்துக்கொண்டால் படத்துக்கு என்ன செய்வது? "மாமா வர்றத கல்யாணத்துக்கு அப்பறம் வச்சுக்கிட்டா என்ன?" என்று கேட்டுப் பார்த்தான். பாயச டம்ளரைப் பிடுங்கிக்கொண்டாள் பெரியம்மா. ராத்திரி யோசித்திருப்பான் போலிருக்கிறது. காலையில் வேறு முகத்தோடு எழுந்தான். மாமன் வருகைதான் படத்தின் உச்சமாம். நிலைப்படி தாண்டுகிற அந்தக் கால், அது போதுமாம்.

கல்யாணத்துக்கு முந்தின நாள் சாயங்காலம் வெள்ளைச்சாமியின் வேன் வந்தது. வேன் சத்தம் படத்தில் வரக்கூடாதென்று தெருமுனையிலேயே நிறுத்தி நடந்து வரச் சொல்லியிருந்தான் ஜெரால்டு. வந்தார்கள். முன்னால் வெள்ளைச்சாமி, வெள்ளைச் சட்டை, முழுக்க நரைத்த தலை, கையில் தட்டு. அரக்கு கலர் பட்டுச்சேலை, தேங்காய், பழம், வெற்றிலைபாக்கு, பூ, ஓரத்தில் சின்னச் சிமிழில் குங்குமம். பின்னால் சொர்ணம், சொந்தக்காரர்கள் நாலைந்து பேர், ஒரு வாழைத்தார். மனிதர் பின்னால் நடக்கிறவர்களைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. வயல் வரப்பில் நடப்பது மாதிரி கீழேயே பார்த்துக்கொண்டு நடந்தார்.

நிலைப்படியில் வந்து நின்றார். உள்ளே அடைக்கலமேரி நின்றாள்.

"என்ன முத்து, உள்ள கூப்புட மாட்டியா?"

"வாண்ணே," என்றாள். அவ்வளவுதான் வந்தது.

காலைத் தூக்கி உள்ளே வைத்தார். நடுவீட்டில் விரித்திருந்த பாயில் தட்டை வைத்தார். நிமிர்ந்தபோது சுவரில் வாத்தியார் படம். ரொம்ப நேரம் பார்த்தார். "மனுசன் கோவக்காரரா தெரியலையே. நானாத்தான் நெனச்சுக்கிட்டேன் போல," என்றார். அடைக்கலமேரி முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். தெருவில் நின்ற நாங்களே மூக்கை உறிஞ்சினோம். அழகி அவர் காலைத் தூக்கும்போதே, இன்னும் நன்றாகப் பார்க்கலாமென்று போய் வாசலை அடைத்துக்கொண்டு நின்றுவிட்டாள்.

"கட்," என்றான் ஜெரால்டு. "அரவிந்த், வந்துச்சா?"

"அண்ணே, கால உள்ள வைக்கிறப்ப அந்த அக்கா குறுக்க வந்துட்டாங்க. முதுகுதான் வந்திருக்கு."

அழகியின் முதுகு சின்ன முதுகில்லை.

ஜெரால்டு தலையில் கை வைத்தான். பிறகு சிரித்தான். சிரித்துக்கொண்டே, "மாமா, ஒரே ஒரு தடவை வெளிய போயிட்டு மறுபடி அதே மாதிரி உள்ள வர்றீங்களா? தட்டோட," என்றான்.

வெள்ளைச்சாமியும் சிரித்தார். "என்ன மாப்ள, வெளையாடுற."

"ரெண்டே நிமிசம் மாமா."

சொல்லிக்கொண்டே குனிந்தான். பாயிலிருந்த தட்டை ரெண்டு கையாலும் தூக்கினான். யாரோ "ஏய்" என்றார்கள், அதற்குள் நிலைப்படியைத் தாண்டிவிட்டான். வாசலில் நின்ற ஸ்கூட்டி சீட்டின் மேல் தட்டை வைத்துவிட்டு, "இங்கேருந்து எடுத்துக்கிட்டு வாங்க மாமா, லைட் போறதுக்குள்ள," என்றான்.

எங்கள் பக்கம் மாமன் தட்டு உள்ளே வந்துவிட்டால் காலியாகத்தான் வெளியே போகும். நிறைதட்டாக அது நிலைப்படியைத் திரும்பத் தாண்டினால் ஒரே அர்த்தம்தான்: உன் சீர் வேண்டாம், உன் உறவும் வேண்டாம். அதற்கென்று பஞ்சாயத்தோ பத்திரமோ தேவையில்லை. அதுவும் யார் தூக்கினார்கள் என்று பார்ப்பார்கள். வந்தவன் போனவன் தூக்கினால் ஒன்று, வீட்டு ஆண்பிள்ளை தூக்கினால் வேறு. அப்பன் இல்லாத வீட்டில், பெண்ணுக்கு அண்ணன் முறையில், பங்காளி என்று நிற்பதற்கு அன்றைக்கு இருந்த ஒரே ஆள் ஜெரால்டு. அவன் அப்பா சென்னையில் மூட்டுவலியோடு படுத்திருந்தார். ஆக, சூசைராஜ் வீடு வெள்ளைச்சாமியின் சீரைத் திருப்பிக் கொடுத்துவிட்டது. முறைப்படி, சாட்சிகளோடு, கேமராவும் வைத்து.

அந்தக் கேமராவுக்குப் பின்னால் நின்றவனுக்குத்தான் ஒன்றும் தெரியவில்லை. பண்பாட்டைத் தேடி வந்தவன்.

சொர்ணம்தான் முதலில் பேசினாள். "வாங்க போவோம். வந்த சீரு வாசலத் தாண்டிருச்சு. இனி இங்க நமக்கு என்ன இருக்கு."

வெள்ளைச்சாமி கத்தவில்லை. கத்தியிருந்தால் சமாதானம் செய்திருக்கலாம். "ஏன் மாப்ள, கூப்புட்டு வச்சு அனுப்பத்தான் போன் போட்டீங்களா?" என்று கேட்டார். துண்டை உதறித் தோளில் போட்டார். வெளியே இறங்கினார்.

உள் அறையிலிருந்து பிளெஸ்ஸி ஓடிவந்தாள். நலுங்கு மஞ்சள் கன்னத்தில் காயாமல் இருந்தது. "மாமா, அவருக்கு ஒண்ணுந் தெரியாது மாமா," என்றாள். அவர் அவள் தலையில் கையை வைத்தார், நிற்கவில்லை.

ஜெரால்டு அரவிந்த்குமாரின் காதில், "விடாத, எடு எடு, இதான் வேணும்," என்றான். மெதுவாகத்தான் சொன்னான். எனக்குக் காது கொஞ்சம் கூர்மை.

அய்யாக்கண்ணு அவனைப் பிடித்து நிறுத்தினார். "தம்பி, நடந்தது நடந்துபோச்சு. நீதான தூக்குன, நீயே தட்ட எடுத்து மாமன் கையில குடுத்து, விழுந்து கும்புட்டுக் கேளு. தெரியாம செஞ்சுட்டேன்னு சொல்லு. பங்காளி விழுந்து கேட்டா அந்த மனுசன் வந்துருவாரு."

"கால்ல விழுறதா?" என்றான் ஜெரால்டு, தீயை மிதித்தவன் மாதிரி. காலில் விழுகிற வழக்கத்தை எதிர்த்து அவன் ஏற்கெனவே ஒரு படம் எடுத்திருக்கிறானாம். அதற்கு எங்கேயோ கேடயமும் கொடுத்திருக்கிறார்களாம். "நான் மன்னிப்புக் கேக்கத் தயார். உக்காந்து பேசுவோம், உரையாடுவோம். ஆனா விழுறதுங்கிறது அடிமைத்தனம்ங்க. இந்தப் பங்காளி, மாமன், தட்டு எல்லாமே ஒரு கட்டமைப்பு. இதத்தான் நாம கேள்வி கேக்கணும்."

"நாளைக்குக் காலையில கல்யாணம்யா," என்றார் அய்யாக்கண்ணு.

"அதனாலதாங்க இப்பவே கேக்கணும்."

ஊரில் எத்தனையோ பேர் தப்புச் செய்து பார்த்திருக்கிறேன். தப்புக்கு மேல் ஏறி நின்று பிரசங்கம் செய்கிற ஆளை அன்றுதான் பார்த்தேன். அழகி, "இவன அந்தக் கெணத்துல அப்பவே தள்ளியிருக்கணும்," என்றாள்.

இதற்குள் வேன் எங்கள் வாசலுக்கே வந்துவிட்டது. சொர்ணம் ஏறிவிட்டாள். சொந்தக்காரர்களும் ஏறிவிட்டார்கள். வெள்ளைச்சாமி மட்டும் கதவைப் பிடித்துக்கொண்டு கீழே நின்றார். டிரைவர் கியர் போட்டபோது, கொஞ்சம் இரு என்று கையைக் காட்டினார். எதற்கு நிற்கிறார் என்று அவருக்கே தெரிந்திருக்காது. தட்டு ஸ்கூட்டி மேல் அப்படியே இருந்தது. அவர் அதை எடுக்கவும் முடியாது, விட்டுவிட்டுப் போகவும் மனமில்லை.

அடைக்கலமேரி வெளியே வந்தாள். அவள் அழுவாள் என்று நினைத்தோம். அழவில்லை.

"ஜெரால்டு."

"பெரியம்மா, நான் சொல்றதக் கொஞ்சம்..."

"ஒனக்குப் பங்காளி முறையில நம்பிக்கை இல்லைன்னு சொன்னல்ல?"

"ஆமா பெரியம்மா, கொள்கையா பாத்தா..."

"கொள்கைய விடு. இல்லதான?"

"இல்ல."

"அப்பச் சரி. எங்கண்ணன் காதுல விழுற மாதிரி சொல்லு. நான் இந்த வீட்டு ஆளு இல்ல, எனக்கும் இந்த வீட்டுக்கும் ஒட்டும் இல்ல உறவும் இல்ல, படம் புடிக்க வந்த வெளியாளுன்னு சொல்லு."

எனக்குப் புரிய ஒரு நொடி ஆனது. அய்யாக்கண்ணுவுக்கு அதற்கு முன்பே புரிந்து, "அடி சக்கை," என்று முணுமுணுத்தார். வீட்டு ஆள் தூக்கினால்தானே சீர் திரும்பியதாக அர்த்தம். வெளியாள் தூக்கினால் அது வெறும் கைத்தவறு. சீரைக் காப்பாற்ற வேண்டுமென்றால் பங்காளியை வெட்டிவிட வேண்டும். வெட்டத் துணிந்துவிட்டாள்.

ஜெரால்டுக்குத்தான் முகம் போன போக்கு. உள்ளே பிறந்தவன் என்று எழுதிக் கொடுத்தல்லவா வந்திருக்கிறான். "அது எப்படி பெரியம்மா? இது என் வேர். நான் எங்கேருந்து வந்தேங்கிறதே..."

"வேரு இருந்தா விழு. இல்லைன்னா சொல்லு. ரெண்டுல ஒண்ணு. வேனு நிக்குது."

அவன் தெருவைப் பார்த்தான். நாங்கள் யாரும் அவனுக்காக வேறு பக்கம் திரும்பிக்கொள்ளவில்லை. வெள்ளைச்சாமியின் காலைப் பார்த்தான். ரப்பர் செருப்பு, வெடிப்பு விழுந்த குதிகால். குனிந்தால் முடிந்தது. கொஞ்சம் குனியவும் பார்த்தான் என்று அழகி இன்றுவரை சொல்கிறாள், எனக்குத் தெரியவில்லை. அரவிந்த்குமாரின் கேமராவில் சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்ததை அவன் கண் பார்த்தது. அதற்குமேல் குனியவில்லை.

"நான் இந்த வீட்டு ஆள் இல்லை," என்றான்.

"கேக்கல," என்றாள் அழகி. "ஒரு தடவை சத்தமாச் சொல்லுப்பா. பின்னாடி பைக் போச்சு."

எந்த பைக்கும் போகவில்லை. அவன் மறுபடி சொன்னான். ஒட்டும் இல்லை, உறவும் இல்லை, வெளியாள். இலக்கணம் பிசகாமல் சொன்னான்.

வெள்ளைச்சாமி கதவை விட்டார். "அப்படியா சங்கதி," என்றார், யாரிடமும் இல்லாமல். "நான்கூட வீட்டுப் பிள்ளைன்னு நெனச்சு மாப்ள மாப்ளன்னு கூப்புட்டுக்கிட்டிருக்கேன்." நடந்து வந்து ஸ்கூட்டிப் பக்கத்தில் நின்றார். "வழியில போற காக்கா வந்து கவ்விருச்சுன்னா, அதுக்காக தங்கச்சி வீட்டு வாசலோட திரும்பிப் போற ஆளா நான்? சொர்ணம், எறங்கு."

தட்டைத் தூக்கினார். ஜெரால்டு வழியில் நின்றிருந்தான்.

"கொஞ்சம் தள்ளுங்க தம்பி," என்றார்.

மாப்பிள்ளை தம்பியானது அப்போதுதான். தெருவில் போகிறவனை, டீக்கடையில் பக்கத்தில் உட்கார்ந்தவனைக் கூப்பிடுகிற தம்பி. அவனும் ஒதுங்கி நின்றான். வெள்ளைச்சாமி நிலைப்படியில் வலது காலை எடுத்து வைத்து உள்ளே போனார். வெளிச்சம் நன்றாக இருந்தது, அழகிகூட குறுக்கே இல்லை. அவன் கேட்ட மாதிரியே இரண்டாம் தடவை நடந்துவிட்டது. ஆனால் அரவிந்த்குமார் கேமராவைத் தரையில் வைத்துவிட்டு, வேனிலிருந்து வாழைத்தாரை இறக்கச் சொர்ணத்துக்குக் கை கொடுத்துக்கொண்டிருந்தான்.

மறுநாள் கோவில் வாசலில் பிளெஸ்ஸிக்கு மாமன் மாலை விழுந்தது. அரக்குச் சேலை அவளுக்கு எடுப்பாகத்தான் இருந்தது. ஆவூர்க்காரர்கள் திருப்தி. பூசை முழுக்க வெள்ளைச்சாமி எப்போது எழுந்திருப்பது எப்போது உட்காருவது என்று தெரியாமல், தங்கச்சியைப் பார்த்துப் பார்த்து எழுந்தார், உட்கார்ந்தார். அடைக்கலமேரி அண்ணனைக் கவனித்ததில் ரெண்டு இடத்தில் செபத்தைத் தப்பாகச் சொன்னாள். ஆமென் மட்டும் சரியாகச் சொன்னாள்.

ஜெரால்டும் வந்தான். முந்தின நாள் நடந்தது ஒரு நாள் பேச்சு, விடிந்தால் சரியாகிவிடும் என்று நினைத்திருக்கிறான். மண்டபத்தில் பந்தி ஆரம்பித்தது. எங்கள் பக்கம் பெண் வீட்டுப் பங்காளிகள் முதல் பந்தியில் உட்கார மாட்டார்கள். நின்று பரிமாற வேண்டும், இலைக்கு இலை விசாரிக்க வேண்டும். அது தெரிந்துதானோ, கேமராவுக்கு நல்ல காட்சி என்றோ, துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு குழம்பு வாளியைத் தூக்கினான். அய்யாக்கண்ணு வந்து வாளியை மெதுவாக வாங்கிக்கொண்டார்.

"நீங்க எதுக்குத் தம்பி? வெளியூர்லேருந்து வந்திருக்கீங்க. உக்காருங்க, சாப்புடுங்க."

மரியாதைக்கு ஒரு குறையும் வைக்கவில்லை. கையைப் பிடித்துக் கூட்டிப்போய், பந்தியின் கடைசியில், வேன் டிரைவருக்கும் கீரனூரிலிருந்து கல்யாணத்துக்கு வீடியோ எடுக்க வந்தவர்களுக்கும் நடுவில் இலை போட்டு உட்கார வைத்தார். நான் எதிர் வரிசையில்தான் இருந்தேன். அடைக்கலமேரி பந்தியை விசாரித்துக்கொண்டே வந்தாள். அவன் இலைக்கு முன் நின்றாள். ஏதாவது சொல்வாள் என்று அவன் நிமிர்ந்து பார்த்தான். "கறி வாங்கிக்கங்க, வெக்கப்படாதீங்க," என்று பொதுவாகச் சொல்லிவிட்டு அடுத்த இலைக்குப் போனாள். சொல்லும்போது அவள் குரல் லேசாகத் தடுக்கியது. ஆனாலும் நிற்கவில்லை. வரிசையின் அந்தக் கோடியில் அவள் அண்ணன் முழங்கை வரைக்கும் சட்டையை மடித்துவிட்டுக்கொண்டு சோற்று வாளியோடு வந்துகொண்டிருந்தார்.

கீரனூர்க்காரர்களில் ஒருத்தர், தொந்தியும் கேமராப் பையுமாக இருந்தவர், எலும்பைக் கடித்துக்கொண்டே ஜெரால்டைக் கொஞ்ச நேரம் பார்த்தார்.

"நீங்க எந்த ஸ்டூடியோண்ணே?"

"நான் சென்னை," என்றான் ஜெரால்டு.

"சென்னையிலேருந்தா வரச் சொன்னாங்க?" அந்த மனிதருக்கு உண்மையாகவே வருத்தமாகிவிட்டது. "ஏண்ணே, நாங்க நல்லாத்தான எடுக்குறோம்."